பண்ணையாளராக ஜார்ஜ் வாஷிங்டன்

ஜார்ஜ் வாஷிங்டன் (பெப்ரவரி 22, 1732 – டிசம்பர் 14, 1799) அமெரிக்க விடுதலைப் போரில் குடியேற்ற நாடுகளின் படைக்குத் தலைமை தாங்கியவரும், அமெரிக்க ஐக்கிய நாடுகளின் முதலாவது குடியரசுத் தலைவரும் ஆவார். படைத்தலைவராகவும் அரசியலாளராகவும் பரவலாக அறியப்பட்டாலும், வாழ்நாளின் பெரும்பகுதியில் அவரது தொழில் வேளாண்மையே. வர்ஜீனியாவில் பொட்டோமாக் ஆற்றங்கரையில் அமைந்த மவுண்ட் வெர்னன் பண்ணையை அவர் 45 ஆண்டுகள் நடத்தினார். புகையிலை என்ற ஒற்றைப் பயிரை மட்டும் நம்பியிருந்த அப்பண்ணையைக் கோதுமை, மாவாலை, மீன்பிடி, வடிசாலை எனப் பல கிளைகள் கொண்ட ஒரு தொழில் நிறுவனமாக மாற்றினார். நாள்தோறும் கணக்கு எழுதுதல், வாரந்தோறும் அறிக்கை பெறுதல், உழைப்பை அளத்தல் போன்ற மேலாண்மை முறைகளை அவர் பண்ணையில் கையாண்டார். எனினும், இந்த நிறுவனம் முழுவதும் அடிமைகளின் ஊதியமற்ற உழைப்பின் மீதே நின்றது. அதிலிருந்து விலக வழிதேடிய முயற்சி அவரது இறுதி ஆண்டுகளை நிறைத்திருந்தது.

இளமையும் நில அளவையும்

வாஷிங்டன் வர்ஜீனியாவின் வெஸ்ட்மோர்லாந்து கவுண்டியில் பிறந்தார். தந்தை அகஸ்டின் வாஷிங்டன் 1743 ஆம் ஆண்டில் இறந்தபோது அவருக்கு 11 வயது. ராப்பஹானக் ஆற்றங்கரையில் இருந்த பெரி பார்ம் என்ற பண்ணையும், 10 அடிமைகளும் அவருக்கு மரபுரிமையாகக் கிடைத்தன. மூத்த மாற்றுத்தாய்ச் சகோதரர்களைப் போல் இங்கிலாந்தில் கல்வி கற்கும் வாய்ப்பு அவருக்குக் கிடைக்கவில்லை. மாறாக அவர் கணிதமும் நில அளவையும் கற்றார். 1749 ஆம் ஆண்டில், தமது 17 ஆவது வயதில், கல்பெப்பர் கவுண்டியின் நில அளவையாளராக நியமிக்கப்பட்டார்.

இந்தத் தொழில் அவருக்கு இரண்டு வகைகளில் உதவியது. முதலாவது, அளவையில் ஈட்டிய பணத்தைக் கொண்டு ஷெனான்டோவா பள்ளத்தாக்கில் சொந்த நிலம் வாங்கத் தொடங்கினார். இரண்டாவது, எதனையும் அளந்து, எண்ணி, ஏட்டில் பதியும் பழக்கம் அவரிடம் நிலைபெற்றது. இளமையில் தொடங்கிய வரவு செலவுப் பேரேடுகளை அவர் இறக்கும் ஆண்டு வரை தொடர்ந்து எழுதி வந்தார்.

மவுண்ட் வெர்னன்

மவுண்ட் வெர்னன் முதலில் அவரது மாற்றுத்தாய்ச் சகோதரர் லாரன்ஸ் வாஷிங்டனுக்கு உரியதாக இருந்தது. தாம் பணியாற்றிய பிரித்தானியக் கடற்படைத் தளபதி எட்வர்ட் வெர்னனின் நினைவாக லாரன்ஸ் இப்பெயரைச் சூட்டினார். அவர் 1752 ஆம் ஆண்டில் காசநோயால் இறந்தார். 1754 ஆம் ஆண்டு இறுதியில் வாஷிங்டன் இந்நிலத்தையும் அதிலிருந்த 18 அடிமைகளையும் லாரன்சின் மனைவியிடமிருந்து குத்தகைக்குப் பெற்றார். குத்தகைத் தொகை ஆண்டுக்கு 15,000 பவுண்டு எடையுள்ள புகையிலை என நிர்ணயிக்கப்பட்டது. அக்கால வர்ஜீனியாவில் புகையிலை நாணயம் போலவே புழங்கியது என்பதை இது காட்டுகின்றது. லாரன்சின் மனைவி 1761 ஆம் ஆண்டில் இறந்ததும் நிலம் வாஷிங்டனுக்கு முழு உரிமையானது.

இதற்கு முன்பே, 1759 ஜனவரியில், அவர் மார்த்தா கஸ்டிஸ் என்ற செல்வம் மிக்க கைம்பெண்ணை மணந்திருந்தார். மார்த்தாவின் முதல் கணவரது சொத்தில் மூன்றில் ஒரு பங்கு அவரது வாழ்நாள் வரை அனுபவிக்கும் உரிமையாகக் கிடைத்தது. அடிமைகளும் அப்பங்கில் அடங்குவர். இவர்களை விற்கவோ விடுவிக்கவோ வாஷிங்டனுக்குச் சட்டப்படி உரிமை இல்லை. மார்த்தாவுக்குப் பின் அவர்கள் கஸ்டிஸ் குடும்ப வாரிசுகளைச் சேர வேண்டும். இந்தச் சட்ட நிலை பிற்காலத்தில் பெரிய சிக்கலாயிற்று.

அண்டை நிலங்களைத் தொடர்ந்து விலைக்கு வாங்கியதன் மூலம் ஏறத்தாழ 2,000 ஏக்கராக இருந்த மவுண்ட் வெர்னன், அவரது இறுதிக் காலத்தில் 8,000 ஏக்கரை நெருங்கியது.

புகையிலையும் கடனும்

வர்ஜீனியாவின் பெரும் பண்ணையாளர்கள் தமது புகையிலையை இலண்டன் வணிகர்களுக்குக் கப்பலில் அனுப்பி வந்தனர். வாஷிங்டனின் புகையிலையை ராபர்ட் கேரி என்ற நிறுவனம் பெற்று விற்றது. இம்முறையில் சரக்கு விற்கும் வரை அதன் உரிமையும் இடரும் பண்ணையாளருடையவை. கப்பல் கூலி, சுங்கம், காப்பீடு, தரகு ஆகியவற்றைக் கழித்துக்கொண்டு மீதித் தொகையை வணிகர் வரவு வைப்பார். அதே வணிகரே துணி, கருவிகள், தட்டுமுட்டுச் சாமான்கள் முதலியவற்றை வாங்கி அனுப்பி, அவற்றின் விலையைப் பற்று எழுதுவார். விற்கும் விலையையும் வாங்கும் விலையையும் பண்ணையாளர் பல மாதங்கள் கழித்தே அறிவார்.

மவுண்ட் வெர்னன் மண் உயர்தரப் புகையிலைக்கு ஏற்றதாக இல்லை. புகையிலைப் பயிர் சில ஆண்டுகளிலேயே நிலத்தின் வளத்தை உறிஞ்சிவிடும் தன்மையுடையது. அனுப்பிய சரக்குக்குக் கிடைத்த விலை குறைவாகவும், தருவித்த பொருள்களின் செலவு அதிகமாகவும் இருந்தன. 1764 ஆம் ஆண்டளவில் வாஷிங்டன் இலண்டன் நிறுவனத்துக்கு ஏறத்தாழ 1,800 பவுண்டு கடன்பட்டிருந்தார். பல பண்ணையாளர்கள் இத்தகைய நிலையில் மேலும் புகையிலை பயிரிட்டுக் கடனை அடைக்க முயன்றனர். வாஷிங்டன் பயிரையே மாற்ற முடிவு செய்தார்.

கோதுமைக்கு மாற்றம்

1760களின் நடுவில் மவுண்ட் வெர்னனில் புகையிலை படிப்படியாகக் கைவிடப்பட்டு, கோதுமை முதன்மைப் பணப்பயிராக ஆனது. 1764 ஆம் ஆண்டில் சில நூறு புஷலாக இருந்த கோதுமை விற்பனை 1769 ஆம் ஆண்டில் 6,000 புஷலைத் தாண்டியது. ஒரு புஷல் கோதுமை ஏறத்தாழ 27 கிலோகிராம் எடை கொண்டது. இம்மாற்றத்துக்கு மூன்று காரணங்கள் இருந்தன.

சந்தை: பிரித்தானியக் கடல்வணிகச் சட்டங்களின்படி குடியேற்ற நாடுகளின் புகையிலை பிரித்தானியாவுக்கே செல்ல வேண்டும். கோதுமைக்கு இக்கட்டுப்பாடு இல்லை. அருகிலுள்ள அலெக்சாண்ட்ரியா நகர வணிகர்களிடமே அதனை விற்கலாம். மேற்கிந்தியத் தீவுகளிலும் தென் ஐரோப்பாவிலும் அதற்குத் தேவை இருந்தது.

உழைப்பு: புகையிலைக்கு நாற்று விடுதல், நடுதல், களையெடுத்தல், புழு பொறுக்குதல், கொழுந்து கிள்ளுதல், உலர்த்துதல் என ஆண்டு முழுவதும் கைவேலை தேவை. கோதுமைக்கு விதைப்பிலும் அறுவடையிலும் மட்டுமே அதிக ஆட்கள் வேண்டும். இடைப்பட்ட காலத்தில் அந்த உழைப்பைப் பிற தொழில்களுக்குத் திருப்பலாம்.

மண்: கோதுமையைத் தீவனப் பயிர்களுடன் மாற்றி மாற்றிப் பயிரிட்டு, கால்நடை எருவிட்டு, நிலத்தின் வளத்தை மீட்க முடியும் என வாஷிங்டன் எதிர்பார்த்தார்.

மாவாலை, மீன்பிடி, நெசவு

தானியமாக விற்பதைவிட மாவாக விற்பதில் வருவாய் அதிகம் என்பதால் வாஷிங்டன் 1770–71 ஆம் ஆண்டுகளில் டோக் ரன் ஓடையருகே கல்லால் ஆன ஒரு நீர்விசை மாவாலையைக் கட்டினார். அங்கு உள்ளூர்த் தேவைக்கு மக்காச்சோளமும், ஏற்றுமதிக்கு உயர்தரக் கோதுமையும் அரைக்கப்பட்டன. அண்டைப் பண்ணையாரின் தானியமும் கூலிக்கு அரைத்துக் கொடுக்கப்பட்டது. 1772 ஆம் ஆண்டில் தமது பெயரையே மாவின் வணிகக் குறியாகப் பதிவு செய்தார். இம்மாவு மேற்கிந்தியத் தீவுகள் வரை சென்றது. பின்னர் ஆலிவர் எவன்ஸ் என்பவர் கண்டுபிடித்த தானியங்கி மாவாலை இயந்திரத் தொகுதிக்கு 1790 டிசம்பரில் அமெரிக்காவின் மூன்றாவது காப்புரிமை வழங்கப்பட்டது. குடியரசுத் தலைவர் என்ற முறையில் அக்காப்புரிமையில் கையொப்பமிட்ட வாஷிங்டன், 1791 ஆம் ஆண்டில் அதே இயந்திரத் தொகுதியைத் தமது ஆலையிலும் நிறுவினார்.

பொட்டோமாக் ஆறு மற்றொரு வருவாய் வழியாக இருந்தது. இளவேனிற்காலத்தில் ஷாட், ஹெர்ரிங் ஆகிய மீன்கள் முட்டையிடுவதற்காகக் கடலிலிருந்து ஆற்றில் ஏறி வரும். சில வாரங்களே நீடிக்கும் இப்பருவத்தில் அடிமைகள் பெரிய கரைவலைகளை இழுத்து மீன் பிடித்தனர். அவற்றை வெட்டிக் கழுவி, உப்பிட்டு, பீப்பாய்களில் அடைத்தனர். 1772 ஆம் ஆண்டில் மட்டும் 10 லட்சத்துக்கும் மேற்பட்ட ஹெர்ரிங் மீன்கள் பிடிக்கப்பட்டன. ஒரு பகுதி அடிமைகளின் உணவாக ஒதுக்கப்பட்டது, எஞ்சியவை விற்கப்பட்டன. பீப்பாய்களும் பண்ணையிலேயே செய்யப்பட்டன.

1760களின் இறுதியில் பிரித்தானிய வரிகளை எதிர்த்துக் குடியேற்ற நாடுகளில் இறக்குமதிப் புறக்கணிப்பு நடந்தபோது, துணி நெசவும் மவுண்ட் வெர்னனில் விரிவாக்கப்பட்டது. பண்ணையில் நெய்த துணியின் செலவையும் இங்கிலாந்திலிருந்து வரவழைக்கும் துணியின் விலையையும் வாஷிங்டன் ஒப்பிட்டுக் கணக்கிட்டார். கொல்லுப் பட்டறையும் தச்சுப் பட்டறையும் அண்டை அயலாருக்கும் பணம் பெற்று வேலை செய்து கொடுத்தன.

விடுதலைப் போர்க்காலம்

1775 முதல் 1783 வரை வாஷிங்டன் படைத்தலைமைப் பொறுப்பில் இருந்தார். இக்காலத்தில் உறவினரான லுண்ட் வாஷிங்டன் பண்ணையை மேற்பார்த்தார். போரினால் ஏற்றுமதி தடைப்பட்டதுடன் பணத்தின் மதிப்பும் வீழ்ந்தது. பழைய கடன்களை மதிப்பிழந்த தாள் பணத்தில் திருப்பித் தந்தவர்களால் வாஷிங்டன் பெரும் இழப்புக்கு ஆளானார். 1781 ஆம் ஆண்டில் பிரித்தானியப் போர்க்கப்பல் ஒன்று மவுண்ட் வெர்னன் அருகே நங்கூரமிட்டபோது 17 அடிமைகள் அதில் ஏறித் தப்பினர். பண்ணையைக் காக்கும் நோக்கில் லுண்ட் அக்கப்பலுக்கு உணவுப் பொருள்கள் வழங்கியதை வாஷிங்டன் கடுமையாகக் கண்டித்தார்.

ஐந்து பண்ணைகளும் பயிர்ச் சுழற்சியும்

போருக்குப் பின் ஊர் திரும்பிய வாஷிங்டன் வேளாண்மையைச் சீரமைக்கத் தொடங்கினார். அக்காலத்தில் இங்கிலாந்தில் பயிர்ச் சுழற்சி, தீவனப் பயிர், கால்நடை எரு ஆகியவற்றை இணைத்த புதிய வேளாண் முறை பரவியிருந்தது. அதன் முன்னணி எழுத்தாளரான ஆர்தர் யங்குடன் 1786 ஆம் ஆண்டு முதல் வாஷிங்டன் கடிதத் தொடர்பு கொண்டிருந்தார். விதைகளும் கலப்பைகளும் அவரிடமிருந்து வந்தன. அதே ஆண்டில் இங்கிலாந்திலிருந்து ஓர் அனுபவமிக்க உழவரையும் பணிக்கு அமர்த்தினார்.

மவுண்ட் வெர்னன் ஐந்து அலகுகளாகப் பிரித்து நடத்தப்பட்டது. மாளிகைப் பண்ணை, ஆற்றுப் பண்ணை, மட்டி ஹோல் பண்ணை, டோக் ரன் பண்ணை, யூனியன் பண்ணை என்பன அவை. மாளிகைப் பண்ணையில் தோட்டங்களும் பட்டறைகளும் இருந்தன. மற்ற நான்கிலும் சேர்ந்து 3,200 ஏக்கருக்கு மேல் உழவுநிலம் இருந்தது. ஒவ்வொன்றுக்கும் தனி மேற்பார்வையாளர், தனி ஆட்கள், தனிக் கணக்கு. மட்டி ஹோல் பண்ணையில் டேவி கிரே என்ற அடிமையே பல ஆண்டுகள் மேற்பார்வையாளராக இருந்தார்.

டோக் ரன் பண்ணைக்காக அவர் வகுத்த திட்டத்தில் நிலம் ஏழு வயல்களாகப் பிரிக்கப்பட்டது. ஒரு வயலில் முதலாண்டு மக்காச்சோளமும் உருளைக்கிழங்கும், இரண்டாம் ஆண்டு கோதுமையும், மூன்றாம் ஆண்டு பசுந்தாள் உரமாக மடக்கி உழுவதற்கான பக்வீட் பயிரும், நான்காம் ஆண்டு மீண்டும் கோதுமையும் பயிரிடப்படும். அடுத்த மூன்று ஆண்டுகள் குளோவர் முதலிய தீவனப் பயிர்களுடன் நிலம் விடப்படும். ஒவ்வொரு வயலும் ஒவ்வொரு கட்டத்தில் இருப்பதால், எந்த ஆண்டிலும் விற்பனைத் தானியம், உணவுப் பயிர், தீவனம் ஆகிய மூன்றும் கிடைக்கும். ஒவ்வொரு சுழற்சிக்கும் எதிர்பார்க்கும் விளைச்சல், உழவு நாட்கள், வருவாய் ஆகியவற்றை அவர் முன்கூட்டியே கணக்கிட்டு, பல திட்டங்களை ஒப்பிட்ட பின்னரே தேர்ந்தெடுத்தார்.

புதியன ஆராயும் ஆர்வம் அவரிடம் இளமை முதலே இருந்தது. 1760 ஆம் ஆண்டில் பத்து அறைகள் கொண்ட பெட்டியொன்றில் மண்ணுடன் வெவ்வேறு எருக்களைக் கலந்து, ஒவ்வொன்றிலும் ஒரே எண்ணிக்கையில் விதைகளை இட்டு, முளைப்பை ஒப்பிட்டார். 1787 ஆம் ஆண்டில் எருவைச் சேமித்து மட்கச் செய்வதற்கென்றே தனிக் கட்டடம் எழுப்பினார்.

கணக்கும் வார அறிக்கையும்

வாஷிங்டனின் மேலாண்மை முறையில் மிகவும் குறிப்பிடத்தக்கது வார அறிக்கையாகும். ஒவ்வொரு பண்ணையின் மேற்பார்வையாளரும் வார இறுதியில் தலைமை மேலாளரிடம் கணக்கு ஒப்படைக்க வேண்டும். இவ்வறிக்கை வணிகப் பேரேட்டின் பற்று வரவு வடிவில் அமைந்தது. ஒரு பண்ணையில் 20 பேர் ஆறு நாட்கள் வேலை செய்தால் 120 ஆள்நாட்கள் ஒரு பக்கத்தில் எழுதப்படும். மறுபக்கத்தில் உழவுக்கு எத்தனை, வேலி அடைக்க எத்தனை, நோயில் கழிந்தவை எத்தனை என ஆள்நாள் ஒவ்வொன்றுக்கும் கணக்குக் காட்ட வேண்டும். இரு பக்கங்களும் சமமாக வர வேண்டும். அத்துடன் வானிலை, கால்நடைகளின் பிறப்பு இறப்பு, களஞ்சிய இருப்பு ஆகியனவும் பதியப்பட்டன.

1789 முதல் 1797 வரை குடியரசுத் தலைவராக நியூயார்க்கிலும் பிலடெல்பியாவிலும் வாழ்ந்தபோதும் இவ்வறிக்கைகள் அவருக்கு அஞ்சலில் வந்தன. அவர் பெரும்பாலும் ஞாயிற்றுக்கிழமைகளில் அமர்ந்து மேலாளருக்கு நீண்ட பதில் எழுதினார். எந்த வயலில் எப்போது விதைப்பது, எந்த வேலியை மாற்றுவது என்பன வரை அக்கடிதங்களில் இடம்பெற்றன.

உழைப்பை அளக்கும் பழக்கம் இதற்கும் முந்தியது. 1760 பெப்ரவரியில் நான்கு அடிமைத் தச்சர்கள் ஒரு நாளில் 120 அடி மரமே செதுக்கியிருந்ததைக் கண்ட வாஷிங்டன், அருகில் அமர்ந்து கடிகாரம் கொண்டு அவர்களது வேலையை அளந்தார். தாம் பார்த்திருக்கையில் வேலை பல மடங்கு விரைவாக நடந்ததைக் கண்டு, ஒரு நாளின் வேலையளவு எவ்வளவு எனக் கணித்து நாட்குறிப்பில் எழுதினார். தொழிற்சாலைகளில் நேர ஆய்வு தோன்றுவதற்கு ஒரு நூற்றாண்டுக்கு முற்பட்ட நிகழ்வு இது. ஆனால், விரைந்து முடித்தாலும் கூலி ஏதும் பெறாத ஒருவர் எதற்காக விரைய வேண்டும் என்ற வினா அந்தக் கணிப்பில் இடம்பெறவில்லை.

கோவேறு கழுதைகளும் பதினாறு பக்கக் களஞ்சியமும்

குதிரையைவிடக் குறைந்த தீவனத்தில் நீண்ட காலம் உழைக்கும் கோவேறு கழுதைகளை வளர்க்க வாஷிங்டன் விரும்பினார். உயர்தர ஆண் கழுதைகளை ஏற்றுமதி செய்வதை ஸ்பெயின் தடை செய்திருந்தது. ஸ்பெயின் மன்னர் மூன்றாம் சார்லஸ் அன்பளிப்பாக அளித்த ஆண் கழுதை 1785 ஆம் ஆண்டில் வந்து சேர்ந்தது. அடுத்த ஆண்டில் லபாயெட் மால்ட்டாவிலிருந்து கழுதைகளை அனுப்பினார். 1799 ஆம் ஆண்டில் பண்ணையில் 50க்கும் மேற்பட்ட கோவேறு கழுதைகள் இருந்தன. அமெரிக்காவில் இவ்விலங்கு பரவியதில் வாஷிங்டனுக்கு முக்கியப் பங்குண்டு.

அக்காலத்தில் கோதுமைக் கதிரைத் திறந்த களத்தில் பரப்பி, குதிரைகளை மிதிக்கவிட்டுப் போரடித்தனர். இதனால் தானியத்தில் மண் கலந்தது, மழையிலும் வீணானது. இதற்குத் தீர்வாக வாஷிங்டன் டோக் ரன் பண்ணைக்குப் பதினாறு பக்கங்கள் கொண்ட, ஏறக்குறைய வட்ட வடிவிலான இரண்டடுக்குக் களஞ்சியத்தைத் தாமே வடிவமைத்தார். 1795 ஆம் ஆண்டில் அது நிறைவடைந்தது. குதிரைகள் மேல் தளத்தில் வட்டமாக ஓடிக் கதிரை மிதிக்கும். தரைப் பலகைகளுக்கு இடையே விடப்பட்ட இடைவெளிகள் வழியாகத் தானியம் கீழ்த்தளத்தில் விழும். வைக்கோல் மேலேயே தங்கிவிடும். கட்டடத்துக்கு வேண்டிய செங்கற்களின் எண்ணிக்கையையும் அவரே கணக்கிட்டிருந்தார்.

வடிசாலை

1797 ஆம் ஆண்டில் பண்ணை மேலாளராகப் பொறுப்பேற்ற ஸ்கொட்லாந்துக்காரரான ஜேம்ஸ் ஆண்டர்சன், மாவாலையை ஒட்டி விஸ்கி வடிக்கலாம் என யோசனை கூறினார். முதலில் தயங்கிய வாஷிங்டன், சிறிய அளவில் செய்து பார்த்தபின் இசைந்தார். 1798 ஆம் ஆண்டில் ஐந்து செப்புக் கொப்பரைகளுடன் பெரிய வடிசாலை இயங்கத் தொடங்கியது. ரை, மக்காச்சோளம், முளைகட்டிய பார்லி ஆகிய தானியங்கள் பயன்பட்டன. 1799 ஆம் ஆண்டில் ஏறத்தாழ 11,000 கேலன், அதாவது 41,000 லிட்டருக்கும் மேற்பட்ட விஸ்கி உற்பத்தியானது. அக்காலத்து அமெரிக்காவின் மிகப் பெரிய வடிசாலைகளுள் இதுவும் ஒன்று. வடித்தபின் எஞ்சிய கழிவு பன்றிகளுக்குத் தீவனமானது. ஆண்டர்சனின் மகன் வடிப்பை மேற்பார்க்க, ஹான்சன், பீட்டர், நாட், டேனியல், ஜேம்ஸ், டிமோத்தி ஆகிய ஆறு அடிமைகள் அங்கு வேலை செய்தனர்.

விஸ்கி மீதான கூட்டாட்சி வரியை எதிர்த்துப் பென்சில்வேனியா உழவர்கள் 1794 ஆம் ஆண்டில் கிளர்ந்தபோது, குடியரசுத் தலைவராகப் படை திரட்டி அதனை அடக்கியவர் வாஷிங்டன். நான்கு ஆண்டுகளுக்குள் அவரே அவ்வரியைச் செலுத்தும் வடிசாலை உரிமையாளராக இருந்தார்.

அடிமைகளின் உழைப்பு

1799 ஜூனில் வாஷிங்டன் தம் கைப்பட எழுதிய பட்டியலின்படி மவுண்ட் வெர்னனில் 317 அடிமைகள் இருந்தனர். இவர்களுள் 153 பேர் கஸ்டிஸ் சொத்தைச் சேர்ந்தவர்கள். ஏறத்தாழ 40 பேர் அண்டைப் பண்ணையொன்றிலிருந்து வாடகைக்குப் பெறப்பட்டவர்கள். எஞ்சியவர்களே வாஷிங்டனுக்கு உரியவர்கள். வயலில் வேலை செய்தவர்களுள் பெண்களே அதிகம். வாரத்தில் ஆறு நாட்கள், கதிரவன் எழுவது முதல் மறைவது வரை வேலை நடந்தது. மக்காச்சோள மாவும் உப்பு மீனுமே முதன்மையான உணவாக அளிக்கப்பட்டன.

கட்டுப்பாடு அச்சுறுத்தலால் நிலைநிறுத்தப்பட்டது. மேற்பார்வையாளர்கள் சவுக்கடி தண்டனை வழங்கினர். 1766 ஆம் ஆண்டில் டாம் என்பவரை அடங்காதவர் எனக் கருதி மேற்கிந்தியத் தீவுகளில் விற்க வாஷிங்டன் அனுப்பினார். அவருக்கு ஈடாக வெல்லப்பாகு, ரம், எலுமிச்சை, ஒரு பானைப் புளி, இனிப்புகள் ஆகியவற்றை வாங்கி வருமாறு கப்பல் தலைவருக்கு எழுதினார். பண்ணையின் பேரேட்டில் மனிதரும் ஒரு சரக்காகவே இடம்பெற்றிருந்ததற்கு இது சான்றாகும்.

அடிமைகள் இதனை எதிர்த்தனர். காம்பியாவில் பிறந்தவரான ஹாரி வாஷிங்டன் 1776 ஆம் ஆண்டில் பிரித்தானியர் பக்கம் தப்பிச் சென்று, பின்னர் சியரா லியோனியில் குடியேறினார். அடிமைகளைப் படிப்படியாக விடுவிக்கும் 1780 ஆம் ஆண்டுச் சட்டம் பென்சில்வேனியாவில் நடைமுறையில் இருந்தது. வெளியூரார் கொண்டுவந்த அடிமைகள் அங்கு ஆறு மாதங்கள் தங்கினால் விடுதலை கோரலாம். எனவே பிலடெல்பியாவில் இருந்த தம் வீட்டு அடிமைகளை வாஷிங்டன் அக்காலம் முடியுமுன் எல்லைக்கு வெளியே அனுப்பித் திரும்ப அழைத்தார். அந்த வீட்டிலிருந்தே ஓனி ஜட்ஜ் என்ற பெண் 1796 ஆம் ஆண்டில் தப்பிச் சென்றார். சமையற்காரர் ஹெர்குலிஸ் 1797 பெப்ரவரியில் மவுண்ட் வெர்னனிலிருந்து தப்பினார். ஓனியை மீட்க வாஷிங்டன் செய்த முயற்சிகள் பலிக்கவில்லை.

இலாப நட்டம்

இத்தனை திட்டமிடலுக்குப் பின்னும் மவுண்ட் வெர்னன் பெரும் இலாபம் ஈட்டவில்லை. களிமண் கலந்த வளமற்ற நிலம் மழையில் அரித்தது. வறட்சியும் பூச்சியும் கோதுமையைத் தாக்கின. உரிமையாளர் பல ஆண்டுகள் வெளியூரில் இருந்தார். ஓயாது வந்த விருந்தினரால் மாளிகையின் செலவும் மிகுந்தது. 1789 ஆம் ஆண்டில் பதவியேற்பு விழாவுக்குச் செல்லவே அவர் அலெக்சாண்ட்ரியாவில் கடன் வாங்க வேண்டியிருந்தது. நிலம் மிகுதியாகவும் கைப்பணம் குறைவாகவும் இருந்த பண்ணையாளரின் நிலை இது. 1790களில் மேற்கு நிலங்களை விற்ற பணமே பற்றாக்குறையை ஈடுசெய்தது. 1799 ஆம் ஆண்டில் மவுண்ட் வெர்னன் நீங்கலான தமது சொத்தை அவர் 5,30,000 டாலராக மதிப்பிட்டார். அதில் பெரும்பகுதி இத்தகைய நிலங்களே.

மற்றொரு முரண்பாடும் கணக்கில் வெளிப்பட்டது. புகையிலைக்குத் தேவைப்பட்ட ஆட்கள் கோதுமைக்குத் தேவைப்படவில்லை. அதேவேளை, குடும்பங்கள் பெருகி அடிமைகளின் எண்ணிக்கை உயர்ந்தது. தேவையைவிடப் பெருமளவு மிகுதியான ஆட்கள் இருப்பதாக 1799 ஆம் ஆண்டில் வாஷிங்டன் மருமகன் ஒருவருக்கு எழுதினார். அவர்களை விற்பது தமது கொள்கைக்கு மாறானது என்றும், வாடகைக்கு விட்டாலும் குடும்பங்கள் பிரியும் என்றும் குறிப்பிட்டார். வணிகக் கணக்கு காட்டிய எளிய வழியை இம்முறை அவர் ஏற்கவில்லை.

இறுதி ஆண்டுகளும் உயிலும்

1793 ஆம் ஆண்டில் நான்கு பண்ணைகளையும் இங்கிலாந்து உழவர்களுக்குக் குத்தகைக்கு விடும் திட்டத்தை வாஷிங்டன் ஆர்தர் யங்குக்கு எழுதினார். குத்தகை வருவாயைக் கொண்டு அடிமைகளை விடுவிக்க வேண்டும் என்ற எண்ணமும் இதன் பின்னணியில் இருந்ததை நெருங்கிய ஒருவருக்கு மட்டும் தனியே தெரிவித்தார். 1796 ஆம் ஆண்டில் விளம்பரமும் செய்தார். தகுந்த குத்தகைதாரர்கள் கிடைக்கவில்லை.

1799 ஜூலையில் அவர் தமது உயிலைத் தாமே எழுதினார். தமக்கு உரிய அடிமைகள் அனைவரும் மார்த்தாவின் மறைவுக்குப் பின் விடுதலை பெற வேண்டும் என அதில் பணித்தார். முதியோரும் நோயுற்றோரும் வாழ்நாள் முழுவதும் பராமரிக்கப்பட வேண்டும். பெற்றோரற்ற சிறுவர்க்கு எழுத்தும் தொழிலும் கற்பிக்க வேண்டும் என்றும் விதித்தார். போர்க்காலம் முழுவதும் தம்முடன் இருந்த வில்லியம் லீக்கு உடனடி விடுதலையும், ஆண்டுக்கு 30 டாலர் உதவித்தொகையும் அளித்தார்.

இறக்கும் வரை பண்ணைத் திட்டமிடல் நிற்கவில்லை. 1799 டிசம்பர் 10 அன்று வரும் ஆண்டுகளுக்கான விரிவான பயிர்த்திட்டத்தை எழுதி முடித்தார். டிசம்பர் 12 அன்று பனியிலும் ஆலங்கட்டி மழையிலும் குதிரையில் பண்ணைகளைச் சுற்றி வந்தார். மறுநாள் தொண்டை நோய் கண்டது. டிசம்பர் 14 இரவில் தமது 67 ஆவது வயதில் காலமானார்.

மார்த்தா தமது மறைவு வரை காத்திராமல், 1801 ஜனவரி 1 முதல் கணவரின் அடிமைகளை விடுவித்தார். கஸ்டிஸ் சொத்தைச் சேர்ந்தவர்களுக்கு அந்த விடுதலை கிடைக்கவில்லை. 1802 ஆம் ஆண்டில் மார்த்தா இறந்ததும் அவர்கள் நான்கு பேரப்பிள்ளைகளிடையே பங்கிடப்பட்டனர். இரு பிரிவினரும் தமக்குள் மணவுறவு கொண்டிருந்ததால், ஒரே குடும்பத்தில் ஒருவர் விடுதலை பெற, மற்றவர் அடிமையாகவே பிரிக்கப்பட்டார். விடுதலை பெற்ற முதியோருக்கான உதவித்தொகை 1833 ஆம் ஆண்டு வரை வாஷிங்டன் சொத்திலிருந்து வழங்கப்பட்டது.

பிற்காலம்

வாஷிங்டனின் மறைவுக்குப் பின் நிலம் உறவினரிடையே பிரிந்தது. வடிசாலை 1814 ஆம் ஆண்டில் தீக்கிரையானது. மாளிகையும் அதனைச் சூழ்ந்த 200 ஏக்கர் நிலமும் 1858 ஆம் ஆண்டில் மவுண்ட் வெர்னன் மகளிர் சங்கத்தால் விலைக்கு வாங்கப்பட்டன. பதினாறு பக்கக் களஞ்சியமும் மாவாலையும் பிற்காலத்தில் மீளக் கட்டப்பட்டன. வடிசாலை 2007 ஆம் ஆண்டில் பழைய இடத்திலேயே மீண்டும் திறக்கப்பட்டது. வேளாண்மைக்கென ஒரு தேசிய வாரியம் அமைக்க வேண்டும் என 1796 ஆம் ஆண்டில் வாஷிங்டன் காங்கிரசிடம் விடுத்த பரிந்துரை அப்போது ஏற்கப்படவில்லை. அமெரிக்க வேளாண்மைத் துறை 1862 ஆம் ஆண்டிலேயே உருவானது.

வாஷிங்டனின் பேரேடுகளும் வார அறிக்கைகளும் பெருமளவு எஞ்சியுள்ளன. 18 ஆம் நூற்றாண்டுப் பண்ணை மேலாண்மையை ஆராய்வோருக்கு அவை முதன்மைச் சான்றுகளாகும். கூலியோ குரலோ இன்றி அப்பண்ணையில் உழைத்தவர்களுள் பலரின் பெயரையும் தொழிலையும் உறவுகளையும் இன்று அறிய முடிவதும் அதே ஏடுகளின் வழியாகவே ஆகும்.